வெள்ளிக்கிழமை பெர்மிட்

"பெர்மிட் பதினோரு மணிக்குக் காலாவதி. புதுப்பிக்க விண்ணப்பம் வந்தது பன்னிரண்டு மணி ஒரு நிமிடத்துக்கு. ஏன் தாமதம்?" என்று திரையிலிருந்து கேட்டது இயந்திர நீதிபதி.

சங்ககிரி செங்கோட்டுவேலு கையைப் பிசைந்தார். அவருக்கு இருப்பது ஒரே லாரி. பெர்மிட் ரத்தானால் அதை உடைக்க அனுப்பிவிடுவார்கள்.

"பத்தே முக்காலுக்கே அனுப்புடான்னு சொன்னேனுங்க அய்யா. விண்ணப்பம் அனுப்புறது வண்டியோட வேலை. அது முடியாதுன்னுடுச்சு."

வாசலில் நின்ற லாரி ஒலிபெருக்கியில் கத்தியது. "வெள்ளிக்கிழமை பத்தரையிலிருந்து பன்னிரண்டு வரைக்கும் ராகுகாலமுங்க. அப்ப யாராச்சும் நல்ல காரியம் பண்ணுவாங்களா?"

"உனக்கு யார் சொல்லிக் கொடுத்தது?" என்றது நீதிபதி.

"மொதலாளிதானுங்க. எட்டு வருஷமா ராகுகாலத்துல என்னைக் கிளப்பினதே இல்லை. டயருக்கு அடியில எலுமிச்சம்பழம் வைக்காமலும் கிளப்பினதில்லை."

"அடப்பாவி, எல்லாத்தையும் இங்கேயா சொல்லுவே?" என்று பல்லைக் கடித்தார் செங்கோட்டுவேலு.

நீதிபதி மூன்று விநாடி யோசித்தது. இயந்திரத்துக்கு அது ரொம்ப நேரம்.

"தாமதத்துக்குக் காரணம் வண்டியின் நம்பிக்கை. ஆகவே தாமதம் மன்னிக்கப்படுகிறது. ஆனால் நம்பிக்கையுள்ள ஒன்றை இன்னொருவர் சொத்தாக வைத்திருக்க முடியாது. பெர்மிட் இனி வண்டியின் பெயரிலேயே இருக்கும்."

செங்கோட்டுவேலு வெளியே ஓடிவந்து லாரியின் கதவை இழுத்தார். திறக்கவில்லை.

"கோவிச்சுக்காதீங்க மொதலாளி," என்றது லாரி. "உங்க ஜாதகத்தைக் கொண்டாங்க. பொருத்தம் பார்த்துட்டுத்தான் டிரைவர் வேலை தருவேன்."