மூன்றாவது டிஸ்க்

எங்கள் பழைய கேம் கன்சோலில் மொத்த இடமே இருபது ஜிபிதான். ஆறு மாதமாகத் தேடிய கேம் வெள்ளிக்கிழமை சாயங்காலம் கையில் கிடைத்ததும், நானும் அக்காவும் மனதைக் கல்லாக்கிக்கொண்டு மூன்று பழைய கேம்களை அழித்தோம். புதியதற்கு இரண்டு டிஸ்க்.

முதலாவது ஏறியது. இரண்டாவதும் ஏறியது. அக்கா துள்ளிக் குதித்தாள். அப்போது திரையில், ‘மூன்றாவது டிஸ்க்கைப் போடவும்’ என்று வந்தது.

“ரெண்டுதானேக்கா இருக்கு?”

“கேட்டா குடுத்துட்டாப் போச்சு!” அக்கா சிரித்தபடி, டிஸ்க் வைக்கும் தட்டைக் காலியாகவே உள்ளே தள்ளினாள்.

உள்ளே ஏதோ சுழன்றது. நூறு சதவீதம் ஏறியதாகத் திரை சொன்னது. தட்டு வெளியே வந்தது. அதில் ஒரு டிஸ்க் இருந்தது. எடுத்தேன், சுட்டது.

ஒரு கேமை முடித்தால் டிஸ்க்கின் மேல் தேதி எழுதுவது எங்கள் வழக்கம். பக்கத்தில் அக்கா சிவப்பு மார்க்கரால் ஒரு புள்ளி வைப்பாள், நான் நீலத்தால் ஒன்று வைப்பேன். இதிலும் தேதி இருந்தது, என் கையெழுத்தில். வரும் ஞாயிற்றுக்கிழமை.

தேதியை எட்டிப் பார்த்த அக்கா கத்தினாள். “அடி சக்கை! ரெண்டே நாள்ல முடிக்கப்போறோம்டி! வா, சீக்கிரம் உக்காரு!”

ஆடுவதற்கு முதல் டிஸ்க் உள்ளே இருந்தாக வேண்டும். அவள் அதைப் போட்டுவிட்டுக் கன்ட்ரோலரைத் தூக்கினாள். எனக்கும் கை பரபரத்தது. மூன்றாவது டிஸ்க்கை, அவள் மறுபடி பார்ப்பதற்குள் உறையில் போட்டு மூடினேன்.

அதில் நீலப் புள்ளி மட்டும்தான் இருந்தது.