கூடத்து ஃபேன்

இந்த இரண்டு மாதக் கணக்கு ஐந்நூறு யூனிட்டைத் தாண்டவே கூடாது என்று கோமளவல்லி கறாராகச் சொல்லிவிட்டாள். தாண்டினால் கட்டணம் ஒரே தாவாகத் தாவும். வீட்டில் எது இப்படிக் கரண்டைக் குடிக்கிறதென்று இன்றைக்கே தெரிந்தாக வேண்டும். வாசலில் மீட்டர் பெட்டியைத் திறந்துவைத்துக்கொண்டு, அதில் மின்னி மின்னி அணையும் சிவப்புப் புள்ளியையே பார்த்தபடி அவள் நிற்க, உள்ளே கணவன் தணிகைவேல் ஒவ்வொன்றாக அணைத்துக்கொண்டு வந்தான். ஃப்ரிட்ஜை அணைத்ததும் புள்ளி நிதானப்பட்டது. கடைசியாகக் கூடத்து ஃபேன். புள்ளி ஒரேயடியாக அடங்கியது.

“மீட்டர் நின்னுடுச்சுங்க!” என்று கத்தினாள். உள்ளே போனால், தணிகைவேல் சுவிட்சிலிருந்து விரலை எடுக்காமல் அண்ணாந்து நிற்கிறான். ஃபேன் முழு வேகத்தில் சுற்றிக்கொண்டிருந்தது.

“அணைச்சுட்டேன் கோமளா,” என்றான், சந்நிதியில் பேசுகிற குரலில்.

அவள் ஓடிப்போய் மெயினையும் இறக்கிவிட்டு வந்தாள். அப்போதும் காலண்டர் தாள்கள் படபடத்தன. காற்றில் பெருமழைக்கு முந்தைய வாசனை இருந்தது. அறைக்குள் புழுக்கம் தாங்காமல் வந்த மகள், எதுவும் கேட்காமல் ஃபேனுக்கடியில் பாயை விரித்துப் படுத்து, சுகமாகக் கண்ணை மூடிக்கொண்டாள். அவர்களும் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். எவ்வளவு நேரமாகியும் வேகம் குறையவில்லை.

தணிகைவேலுக்குத்தான் பொறுக்கவில்லை. “மெயினைப் போட்டுப் பாக்கட்டா?” என்று எழுந்தான்.

கோமளவல்லி அவன் வேட்டி முனையைப் பிடித்துக்கொண்டாள்.

“ஐயோ, வேணாங்க. கரண்ட் வந்தா நின்னுடும்.”