கப்பல் வரிசை

1968 மே மாத வெயிலில், எண்ணூர்க் கழிமுகத்து மணலில் இரண்டு வரிசைகள் நின்றன.

பர்மாவிலிருந்து கப்பலில் வந்தவர்கள் ஒன்றில். அவர்களிடம் கப்பலேறும் முன்பே அரசு முத்திரையிட்டுத் தந்த குடும்ப அட்டை இருந்தது.

காடும் மலையும் கடந்து நடந்தே வந்தவர்கள் மற்றொன்றில். அவர்களிடம் கால்கள் இருந்தன.

ஒரே நாடு விரட்டியது. ஒரே கரையில் ஓலைக் குடிசை போட்டார்கள். அதற்குள்ளும் மேல் கீழ் கண்டுபிடித்துவிட்டார்கள் நம் மக்கள். அந்தக் கலையில் நம்மை வெல்ல யார்?

அட்டை உள்ளவருக்கு மனை. இல்லாதவர், அனுமதியின்றி எல்லை தாண்டிய குற்றத்துக்காக மாலைக்குள் லாரியில் ஏற வேண்டும். லாரி எங்கே போகும் என்று எவருக்கும் தெரியாது. கேட்கவும் எவருமில்லை.

குப்பம்மா தன் எட்டு வயது மகளின் கையைப் பற்றியபடி நடந்தவர்களின் வரிசையில் நின்றாள்.

கப்பல் வரிசையிலிருந்து ஃப்ளோரன்ஸ் காறித் துப்பினாள்.

"காட்டுல பூந்து திருட்டுத்தனமா வந்ததுங்க. இதுங்கள பக்கத்துலயே குந்தவச்சா, கப்பல்ல வந்த எங்களுக்கு இன்னா மருவாதி?"

அவள் கணவன் அம்புரோஸ் சிரித்தான். வரிசையே சிரித்தது.

அலுவலர் குடை நிழலில் அமர்ந்து அட்டையிலிருந்த பெயர்களை வாசித்தார். தலைகளை எண்ண வந்த அந்த மேதை ஒரு முகத்தையும் நிமிர்ந்து பார்க்கவில்லை.

அம்புரோஸ் என்றார், அவன் குரல் கொடுத்தான். ஃப்ளோரன்ஸ் என்றார், கை உயர்ந்தது.

மகள் ஐரீன் என்றார்.

எந்தக் கையும் உயரவில்லை.

மறுமுறை அழைத்தார். ஆள் இல்லையென்றால் பெயரை அடித்துவிடுவதாகச் சொல்லி, பேனாவை மையில் தோய்த்தார்.

அம்புரோஸ் மணலைப் பார்த்தான்.

ஃப்ளோரன்ஸ் வரிசையை விட்டு விலகினாள். விறுவிறுவென்று எதிர் வரிசைக்குப் போனாள். குப்பம்மாவின் மகளைப் பிடித்திழுத்து, முதுகில் ஓர் அறை வைத்தாள்.

"ஏ ஐரீனு, சார் கூப்டுகினே கீறாரு, இந்தக் கும்பல்ல இன்னாடி வேடிக்க உனுக்கு?"

குப்பம்மாவின் விரல்கள் ஒரு கணம் விடவில்லை. பிறகு விட்டன.

சிறுமி வீறிட்டு அழுதாள். அடிபட்ட பிள்ளை அழத்தான் செய்யும். அலுவலர் குனிந்தபடியே குறியிட்டார்.

கப்பல் வரிசையில் இப்போது எவரும் சிரிக்கவில்லை.

நான்காண்டுகளுக்கு முன், கப்பலேறிய மூன்றாம் நாள், காய்ச்சலில் இறந்த ஐரீனைப் போர்வையில் சுற்றிக் கடலில் இறக்கியபோது உடன் நின்றவர்கள் அவர்கள்.