ஆள்காட்டிக் குருவி கொடுத்த மனு

ஆள்காட்டிக் குருவியின் முட்டைகளை யாரோ தின்றுவிட்டார்கள். சந்தேகத்தின்பேரில் கீரியைப் பிடித்துப் பாறை இடுக்கில் அடைத்தார்கள். நீதிபதியாக இருந்த கரடி வாய்தாவுக்கு மேல் வாய்தா கொடுத்தது. இப்படியே மூன்று வருடம் ஓடிவிட்டது.

பொறுத்துப் பொறுத்துப் பார்த்த குருவி, வழக்கைச் சீக்கிரம் முடிக்கச் சொல்லி மனுக் கொடுத்தது. கரடியும் மறுநாளே விசாரணைக்கு எடுத்தது. எலும்பும் தோலுமாக வந்து நின்ற கீரி, "நான்தான் தின்றேன், ஐயா" என்றது.

"இந்தக் குற்றத்துக்கு ஒரு வருடம்தான் தண்டனை. நீ மூன்று வருடம் இருந்துவிட்டாய். வீட்டுக்குப் போகலாம்" என்றது கரடி.

குருவிக்கு மனசு ஆறவில்லை. வெளியே வந்த கீரியை மறித்து, "கூட்டில் எத்தனை முட்டை இருந்தது, சொல்லு" என்று கேட்டது.

"எனக்கெப்படித் தெரியும், தாயி? நான் உன் கூட்டுப் பக்கமே வந்ததில்லை. ஆமாம் என்றால் விட்டுவிடுவார்கள் என்றார்கள். என் குட்டிகளைப் பார்க்க வேண்டும்" என்றது கீரி.

குருவி விலகி வழிவிட்டது. பிறகு கரடியிடம் உண்மையைச் சொல்ல வேகமாக உள்ளே திரும்பிப் போனது. கரடி அதற்குள் அடுத்த வழக்கைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தது.