உள்ளது உள்ளபடி

"போர்டுல அம்மா பேரு எதுக்கு? அவளுக்கும் என் படத்துக்கும் என்ன சம்பந்தம்?"

ஓவியர் எரிந்து விழுந்தார். நாளைக்கு இந்த அரங்கில் அவருடைய கண்காட்சி. வாசலில் வைக்கும் பலகையில் 'என் மனைவிக்கு' என்று அம்மா பெயரோடு ஒரு வரி சேர்க்கச் சொல்லி, காலையிலிருந்து மகள் நச்சரித்துக்கொண்டிருந்தாள்.

"முப்பது வருஷம் உங்க பின்னாடியே வந்து குடை பிடிச்சாங்களேப்பா."

"பிடிச்சா. யாரு இல்லேன்னா? கேன்வாஸ்ல நேரா வெயில் பட்டா கண்ணு கூசும், கலர் தப்பாப் போகும். அதுக்கு ஒரு ஆள் வேணும், வந்தா. ஒரு நாளாவது 'படம் நல்லாருக்கு'ன்னு வாயைத் திறந்திருப்பாளா? வீட்டுக்கு வந்ததும் தலைவலின்னு போய்ப் படுத்துக்குவா. வரைஞ்சதை உட்கார்ந்து பார்க்க எனக்கு ஒரு துணை கிடையாது."

மகள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு வாசல் பக்கம் போய்விட்டாள்.

சொன்ன பிறகு அவருக்கும் மனசு சரியில்லை. மனைவி போய்ச் சேர்ந்து இரண்டு வருஷம். இப்போதெல்லாம் வீட்டில் அவர் பேசுவது ரேடியோவோடுதான். அதுவும் அவர் சொல்வதைக் காதில் போட்டுக்கொள்வதில்லை.

இத்தனைக்கும் ஊரே மெச்சும் கண் அவருடையது. மலையை வரைந்தால் அடிவாரத்துக் குப்பையும் படத்தில் இருக்கும். ஏரியை வரைந்தால் மிதக்கிற பாட்டிலும் இருக்கும். "அதை மட்டும் எடுத்துடுங்க சார், வாங்கிக்கறேன்" என்றவர்களை வந்த வழியே அனுப்பிவைத்தவர்.

ஏணிமேல் நின்ற எலக்ட்ரீஷியன் ஒரு விளக்கை இப்படியும் அப்படியும் திருப்பிக்கொண்டிருந்தார்.

"என்ன சார் இது, எப்படித் திருப்பினாலும் படத்துல கீழ்ப்பக்கம் நிழல் விழுது. போகவே மாட்டேங்குது!"

ஓவியருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "அட, அது விளக்கு நிழல் இல்லைப்பா. நான் வரைஞ்சது. எனக்கு முதுகுப் பக்கம் வெயில். குடை நிழல் முன்னால புல்லுல விழும். விழுந்ததை விட முடியுமா?"

"அரை மணி நேரமா ஏமாந்திருக்கேனே!" எலக்ட்ரீஷியன் இறங்கி வந்து உற்றுப் பார்த்தார். "சரி, இந்தப் பெரிய வட்டம் குடை. பக்கத்துல தனியா, சின்னதா ஒண்ணு இருக்கே, அது?"

ஓவியர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு குனிந்தார். குனிந்தவர் வெகுநேரம் நிமிரவில்லை.

பிறகு அடுத்த படத்துக்குப் போனார். அதற்கடுத்த படத்துக்கும் போனார். சுவரோரமாகவே நடந்து கடைசிப் படம்வரை பார்த்துவிட்டு வாசலுக்கு வந்தார்.

"பலகையில அம்மா பேரை எழுதணும்மா."

"போர்டு எழுதறவர் போயிட்டாரேப்பா."

"பிரஷ்ஷைக் கொண்டா. நானே எழுதறேன்."

மகள் அவரையே பார்த்தாள். "இப்பதானே சம்பந்தமே இல்லைன்னு சொன்னீங்க?"

அவர் உள்ளே மாட்டியிருந்த படங்கள் பக்கம் கை காட்டினார்.

"இருபத்தாறு படத்தையும் பார்த்துட்டேன். குடை நிழல் எனக்குத்தான் இருக்கு. உங்கம்மா தலை வெளியில, வெயில்ல இருக்கும்மா."