பேருந்து நிறுத்தத்துச் சுவர்

காலை வெயில் சுவரின் பாதிவரை இறங்கியிருக்கிறது. ஏணிமேல் நிற்கும் ஓவியக்காரி, பேருந்துக்குக் காத்திருப்பவர்களை அதில் வரைந்துகொண்டிருக்கிறாள். இத்தனை நாளில் ஒருவர்கூட நின்று பார்க்கவில்லையே என்ற குறை அவளுக்கு உண்டு. இப்போது கீழே, துணிப்பை கனக்க நிற்கும் தையல்காரம்மா, சுவரில் வரைந்திருக்கும் கர்ப்பிணியை அண்ணாந்து பார்க்கிறாள். “ஏம்மா, மாசமா இருக்கற பொண்ணை எவ்வளவு நேரம்தான் நிக்க வைப்ப? கால் வீங்கிடாதா?” ஓவியக்காரிக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வருகிறது. “இதோ, உட்கார வச்சிடறேன்க்கா.” ஈரம் காயாத கால்களை வெள்ளை பூசி அழித்துவிட்டு, பெஞ்சுக்குக் கோடு இழுக்கிறாள். பேருந்து வந்து நிற்கிறது. நடத்துனர் படியில் தொங்கியபடி கூப்பிடுகிறார். தையல்காரம்மா பையைத் தரையில் இறக்கி வைக்கிறாள். “நீங்க போங்க தம்பி. அவ உட்கார்றதைப் பார்த்துட்டு அடுத்ததுல வர்றேன்.”