நசீரின் எடை

மின்சைக்கிள் விபத்தில், பின்னால் உட்கார்ந்து வந்த மனைவி மௌத்தாகிவிட்டாள். பிழைத்த நசீரின் எடை அறுபது கிலோவிலிருந்து நூற்றுப் பத்தானது. ஆளோ பார்வைக்குப் பழையபடி ஒல்லியாகவே இருந்தார்.

"முதுகு கனக்குதுன்னா ஒருத்தரும் நம்பல, தங்கச்சி," என்றார் தாதி ஆஸ்மாவிடம்.

நோயாளிக் கோப்புகளுக்குக் குறியீடு போடும் நூருன்னிசா, அந்த எண்ணைப் பார்த்துவிட்டுத் தானே மாடியிலிருந்து இறங்கி வந்தார். இப்படி ஒரு அக்கறையை ஆஸ்மா எங்குமே கண்டதில்லை.

"மெஷின் கோளாறு லா, அக்கா," என்றார் ஆஸ்மா.

"மூணு மெஷினுமா?"

நசீர் ஏறினார். நூற்றுப் பத்து. இறங்கினார். கருவி ஐம்பதில் நின்றது.

நூருன்னிசா கோப்பில் 'விபத்தின் நீடித்த விளைவு' என்பதற்கான குறியீட்டை நிதானமாக எழுதினார். பிறகு எடைக்கருவியின் பக்கம் திரும்பி, "நீங்களும் இறங்குங்கம்மா," என்றார்.

எண் பூஜ்யமானது.